ஸ்பெயினைப் பற்றிப் பேச ஓர் ஐரிஷ்காரர்

ஸ்பெயினின் கவிஞர்கள், ஓவியர்கள், உள்நாட்டுப் போர் இவற்றைப் பற்றிய ஆவணப்படங்களை நாலைந்து பார்த்தவர்களுக்கு ஒரு முகம் பழகிப்போயிருக்கும். கவிஞர் லோர்காவைப் பற்றிய படமா, அவர் வருவார். ஓவியர் தாலியைப் பற்றியதா, அதிலும் வருவார். இயக்குநர் புனுவலைப் பற்றி எடுத்தாலும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். ஸ்பானிய மொழியில் சரளமாகப் பேசுவார். ஆனால் திரையின் அடியில் வரும் பெயர் ஸ்பானியப் பெயராக இருக்காது: இயன் கிப்சன். 1939இல் டப்ளினில், ஒரு மெதடிஸ்ட் குடும்பத்தில் பிறந்தவர்.

ஸ்பெயினில் வரலாற்றாளர்களுக்குப் பஞ்சமில்லை. அப்படியிருக்க, அந்த நாட்டின் மிக வேதனையான கதையை ஓர் ஐரிஷ்காரர் வாயால் கேட்க வேண்டியது ஏன்? இதற்குப் பதில் தெரிந்தால், ஆவணப்படங்களில் தோன்றும் பிரபல முகங்களை எப்படிப் பார்ப்பது, எந்த அளவுக்கு நம்புவது என்பதும் பிடிபடும்.

கதை 1936 ஜூலையில் தொடங்குகிறது. ஃபெதெரிகோ கார்சியா லோர்கா அப்போது ஸ்பானிய மொழியின் மிகப் புகழ்பெற்ற கவிஞர், நாடகாசிரியர். வயது 38. மத்ரித்தில் நிலவரம் சரியில்லை என்று, தெற்கே தன் சொந்த ஊரான கிரனாடாவுக்குத் திரும்பினார். வந்து ஒரு வாரம்கூட ஆகவில்லை, குடியரசு அரசுக்கு எதிராக இராணுவத்தின் ஒரு பகுதி கிளர்ந்தெழுந்தது. ஜூலை 20ஆம் தேதி கிரனாடா கிளர்ச்சியாளர் கைக்குப் போனது. நகரத்தின் மேயர் மனுவேல் ஃபெர்னாந்தெஸ் மொந்தெசினோஸ், லோர்காவின் தங்கை கணவர். அவரைப் பிடித்துச் சிறையில் அடைத்தார்கள். லோர்கா தன் நண்பரும் கவிஞருமான லூயிஸ் ரொசாலெஸின் வீட்டில் அடைக்கலம் புகுந்தார். ரொசாலெஸ் சகோதரர்கள் கிளர்ச்சியாளர் பக்கம் செல்வாக்குள்ள ஃபலாங்கே கட்சிக்காரர்கள். அந்த வீட்டுக்குள் யாரும் கை வைக்க மாட்டார்கள் என்று எல்லாரும் நம்பினார்கள். ஆகஸ்ட் 16ஆம் தேதி மேயரைச் சுட்டுக் கொன்றார்கள். அன்றே, முன்னாள் நாடாளுமன்ற உறுப்பினர் ரமோன் ருயிஸ் அலொன்சோ ஆட்களுடன் வந்து லோர்காவைக் கைது செய்து கொண்டுபோனார். ஓரிரு நாளில், நகருக்கு வெளியே வீஸ்நாருக்கும் அல்ஃபகாருக்கும் இடைப்பட்ட மலையடிவாரத்தில், ஒரு பள்ளி ஆசிரியரோடும் காளைச் சண்டைக் களத்தில் ஈட்டி குத்தும் இருவரோடும் சேர்த்து லோர்காவைச் சுட்டார்கள். அவர்களைப் புதைத்த இடம் எது என்று இன்றுவரை நிச்சயமாகத் தெரியாது.

1939இல் கிளர்ச்சியாளர்களின் தலைவரான ஃப்ராங்கோ வென்றார். 1975 நவம்பரில் சாகும்வரை அவர் ஆட்சிதான். லோர்காவின் நூல்கள் 1950களில் ஸ்பெயினில் மறுபடியும் அச்சாயின. அவர் எப்படிச் செத்தார் என்று மட்டும் யாரும் எழுத முடியாது, கேட்கவும் முடியாது. சுட்டவர்கள் உள்ளூரிலேயே கௌரவமாக நடமாடினார்கள். சுடப்பட்டவர்களின் மனைவி மக்கள் அதே தெருவில் வாயைத் திறக்காமல் வாழ்ந்தார்கள். கிரனாடாவில் பிறந்த ஒருவர் இந்தக் கேள்வியோடு கிளம்பினால், அவர் வேலைக்கும் குடும்பத்துக்கும் சேர்த்து ஆபத்து. வெளிநாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருப்பவருக்கு அதிகபட்சம் நாட்டைவிட்டு வெளியேற்றம். வித்தியாசம் அவ்வளவுதான். ஆனால் அது பெரிய வித்தியாசம்.

அதனால்தான் தேடி வந்தவர்கள் பெரும்பாலும் வெளியாட்கள். 1949இல் ஆங்கில எழுத்தாளர் ஜெரால்ட் பிரெனன் வந்தார். கல்லறையைத் தேடி அலைந்ததை அடுத்த ஆண்டு தன் பயண நூலில் எழுதினார். பிறகு 1955இல் அகுஸ்தின் பெனோன். பார்சலோனாவில் பிறந்து அமெரிக்கக் குடிமகனானவர். ஓராண்டுக்கும் மேல் கிரனாடாவில் தங்கி, சம்பவம் நடந்து இருபது ஆண்டுகூட ஆகாத நிலையில், தெரிந்தவர்களையெல்லாம் தேடிப் பிடித்துப் பேசினார். ஏராளமாகக் குறிப்பெடுத்தார். அத்தனையையும் ஒரு பெட்டியில் வைத்துப் பூட்டி எடுத்துக்கொண்டு போனார். ஒரு வரிகூட வெளியிடாமலே 1976இல் இறந்துபோனார். அந்தக் குறிப்புகளில் ஒரு பகுதியை 1990இல் பதிப்பித்து வெளிக்கொணர்ந்தவர் கிப்சன். இந்தப் பெட்டியின் கதையே ஒரு தனிப் படத்துக்குப் போதும்.

கிப்சன் கிரனாடாவுக்கு வந்தது 1965இல். லோர்காவின் எழுத்துக்கு வேர் எங்கே இருக்கிறது என்று முனைவர் பட்டத்துக்கு ஆராய்வதாகத்தான் ஏற்பாடு. வந்த இடத்தில் ஆய்வு திசை மாறியது. வயதான மனிதர்களிடம் கவிதையைப் பற்றிப் பேச்சுக் கொடுத்தால் அது தானாகவே 1936இல் போய் நின்றது. ரொசாலெஸ் குடும்பத்தினரிடம் பேசினார். கைது செய்த ருயிஸ் அலொன்சோவையே நேரில் கண்டு பேசினார். உடல்களைப் புதைத்தவன் நான்தான் என்று சொன்ன, 'கம்யூனிஸ்ட் மனோலோ' என்ற பட்டப்பெயர் கொண்ட மனுவேல் காஸ்தியாவையும் கண்டார். பெனோனுக்குக் காட்டியதுபோலவே, 1966இல் கிப்சனுக்கும் காஸ்தியா ஓர் இடத்தைக் கை நீட்டிக் காட்டினார். அல்ஃபகாரில், ஃபுயந்தே கிராந்தே என்ற நீரூற்றுக்குச் சற்று அப்பால், ஓர் ஒலிவ மரத்தருகே. அந்தக் கைவிரலை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்; நாற்பது ஆண்டு கழித்து ஓர் அரசாங்கமே அதைப் பின்தொடர்ந்து போகப்போகிறது.

நூல் 1971இல் பாரிசில் வெளிவந்தது. வெளியிட்டது ருயெதோ இபெரிகோ. ஃப்ராங்கோ ஆட்சிக்கு அஞ்சி வெளியேறியவர்கள் நடத்திய பதிப்பகம் அது. ஹ்யூ தாமஸ் எழுதிய உள்நாட்டுப் போர் வரலாற்றின் ஸ்பானியப் பதிப்பைக் கொண்டுவந்ததும் அவர்கள்தான். அவர்கள் நூல்கள் எல்லையில் கள்ளத்தனமாகவே ஸ்பெயினுக்குள் நுழைந்தன. கிப்சனின் நூலுக்கும் தடை. ஆனால் 1972இல் சர்வதேசப் பரிசு கிடைத்து, பிற மொழிகளுக்கும் போனது. கிப்சன் பேராசிரியர் வேலையை விட்டார். 1978இல் ஸ்பெயினிலேயே குடியேறினார். 1984இல் ஸ்பானியக் குடியுரிமை பெற்றார். லோர்காவின் வாழ்க்கை வரலாறு 1985இலும் 1987இலும் இரண்டு தொகுதிகளாக வந்தது. இதற்குப் பிறகுதான் கேமரா அவரைத் தேடி வரத் தொடங்கியது.

முதலில் வந்தது ஆவணப்படமே அல்ல, நாடகத் தொடர். ஹுவான் அந்தோனியோ பர்தெம் இயக்கி ஸ்பானிய அரசுத் தொலைக்காட்சியில் வந்த 'லோர்கா, ஒரு கவிஞனின் மரணம்' கிப்சனின் ஆய்வை அடித்தளமாகக் கொண்டது. லோர்காவாக நடித்தவர் நிக்கலஸ் கிரேஸ் என்ற ஆங்கில நடிகர். லோர்காவைக் கண்டுபிடித்துச் சொன்னவர் ஐரிஷ்காரர், நடித்துக் காட்டியவர் ஆங்கிலேயர்!

1992 வந்தது. பார்சலோனாவில் ஒலிம்பிக், செவீயாவில் உலகக் கண்காட்சி, கொலம்பஸ் கப்பலேறி 500 ஆண்டு நிறைவு, மூன்றும் ஒரே ஆண்டில். ஸ்பெயினைப் பற்றிப் படமெடுக்காத பெரிய தொலைக்காட்சி நிறுவனம் இல்லை என்ற நிலை. பிபிசி 'இரத்தத்தில் நெருப்பு' என்ற தொடரை எடுத்து, நாட்டைச் சுற்றிக் காட்டும் வேலையைக் கிப்சனிடம் கொடுத்தது. 1997இல் தாலியைப் பற்றிய பிபிசி படத்திலும் அவர்தான் நம்மை அழைத்துப்போகிறார். இயக்கியவர் மைக் டிப், ஜான் பெர்ஜரின் புகழ்பெற்ற 'வேஸ் ஆஃப் சீயிங்' தொடரை இயக்கிய அதே ஆள். தாலியைப் பற்றிப் பேச கிப்சனுக்கு ஒரு தனித் தகுதி உண்டு. 1986 ஜனவரியில், நோயில் கிடந்த தாலியே அவரைக் கூப்பிட்டனுப்பி, இளமையில் லோர்காவுக்கும் தனக்கும் இருந்த நெருக்கத்தைப் பற்றிப் பேசினார். தாலி போய்ச் சேர்ந்தது 1989இல். அந்த அறையில் சொல்லப்பட்டது இன்று கிப்சன் வாய்வழியாகத்தான் நமக்கு வருகிறது.

இங்கே கொஞ்சம் நின்று, ஆவணப்படத்தில் ஒருவர் என்னென்ன வேடத்தில் வர முடியும் என்று பார்த்துவிடலாம். எளிமையானது, குரல். 1937இல் டச்சு இயக்குநர் யோரிஸ் இவன்ஸ் உள்நாட்டுப் போருக்கு நடுவே 'ஸ்பானிய மண்' என்ற படத்தை எடுத்தார். பின்னணி வர்ணனையை எழுதியவர் ஹெமிங்வே. முதலில் அதைப் படித்தவர் ஆர்சன் வெல்ஸ். நடிகரின் கணீர்க் குரல் அந்தப் போர்க்களக் காட்சிகளோடு ஒட்டவில்லை என்று தோன்றவே, ஹெமிங்வேயே படித்தார். அவருக்குக் குரல் வளம் குறைவு; ஆனால் அங்கே போய்ப் பார்த்தவர். அந்த ஒரு தகுதிக்கு முன்னால் வளம் தோற்றது. குடியரசுக்கு ஆதரவு திரட்டவே எடுத்த படம் அது என்பதை மறக்காமல் பார்க்க வேண்டும்.

இன்னொன்று, வழிகாட்டி. மெக்சிகோ நாவலாசிரியர் கார்லோஸ் ஃபுயந்தெஸ் 1992ஐ ஒட்டி வந்த 'புதைந்த கண்ணாடி' தொடரில் இந்த வேலையைச் செய்தார். ஸ்பெயினையும் ஸ்பானிய அமெரிக்காவையும் ஒரே குடும்பமாக வைத்துப் பேசும் ஐந்து பகுதித் தொடர். அதில் நாம் கேட்பது ஃபுயந்தெஸின் கருத்து. அதை அவர் மறைக்கவும் இல்லை. அவரோடு உடன்படலாம், சண்டையும் பிடிக்கலாம். வழிகாட்டியிடம் சான்று கேட்பதைவிட அவருடைய பார்வை நமக்கு ஏதாவது திறந்து காட்டுகிறதா என்று பார்ப்பதே நியாயம்.

பிள்ளை என்ற உரிமையில் வருபவரும் உண்டு. பிரிட்டிஷ் கன்சர்வேடிவ் அரசியல்வாதி மைக்கேல் போர்ட்டில்லோவின் தந்தை லூயிஸ் போர்ட்டில்லோ, சலமான்கா பல்கலைக்கழகத்தில் சட்டம் சொல்லிக்கொடுத்தவர்; குடியரசு தோற்றதும் இங்கிலாந்துக்கு ஓடிவந்தவர். மகன் 1999இல் பிபிசியின் ரயில் பயணத் தொடரில் கிரனாடாவிலிருந்து சலமான்கா வரை தந்தையின் சுவடு தேடிப் போனார். பாசம் நம்பவைக்கும், சிக்கலும் அதில்தான். அதே தந்தை 1941இல் லண்டன் இதழ் ஒன்றில், 1936 அக்டோபர் 12 அன்று சலமான்காவில் தத்துவ அறிஞர் உனமுனோ, மியான் அஸ்த்ராய் என்ற தளபதியை எதிர்த்துப் பேசிய காட்சியை உரை உட்பட எழுதியிருந்தார். அங்கிருந்து அது வரலாற்று நூல்களுக்குள் போனது, உலகமே அதை மேற்கோள் காட்டியது. எழுதியவர் அன்று அந்த மண்டபத்தில் இல்லை. உனமுனோ எதிர்த்துப் பேசியது உண்மை; நாம் படிக்கும் அந்தச் சொற்கள் பெரும்பாலும் போர்ட்டில்லோவின் இலக்கிய ஆக்கம் என்று சலமான்கா நூலகர் செவெரியானோ தெல்காதோ 2018இல் வாதிட்டார்.

கிப்சன் இந்த வரிசையில் எங்கே நிற்கிறார்? அவர் பிறந்ததே போர் முடிந்த ஆண்டில். எதையும் கண்ணால் பார்க்கவில்லை. ஆனால் பார்த்தவர்கள் உயிரோடு இருந்தபோது, ஸ்பெயின் அவர்களைக் கேட்கத் துணியாத காலத்தில், போய்க் கேட்டவர். சாட்சிகளுக்குச் சாட்சி. 1966இல் பேசிய கிழவர்கள் போய்விட்டார்கள். 1977இல் பொதுமன்னிப்புச் சட்டம் வந்ததும் அரசாங்கம் விசாரிக்கும் வாய்ப்பும் போனது. பெரும்பாலான கட்சிகள் சேர்ந்து பழையதைக் கிளற வேண்டாம் என்று முடிவு செய்த காலம் அது. ஜனநாயகம் வலுப்பட அது தேவைப்பட்டது என்று வாதிடுவோர் இன்றும் உண்டு. விளைவு என்னவோ, நீதிமன்றத்தில் பதிவாகியிருக்க வேண்டிய வாக்குமூலங்கள் சில ஆய்வாளர்களின் நாடாக்களிலும் நோட்டுப் புத்தகங்களிலும் போய்த் தங்கின. படமெடுப்பவர் கேமராவைத் தூக்கிக்கொண்டு கிப்சன் வீட்டு வாசலில் நிற்பது இதனால்தான்.

இந்த மாதிரி சாட்சிக்கு இரண்டு பலவீனம். ஒன்று படத்தொகுப்பில் நேர்வது. மணிக்கணக்கில் பேசியதிலிருந்து இரண்டு நிமிடம் எடுப்பார்கள். 'அவர் சொன்னதாக எனக்கு ஒருவர் சொன்னார்' என்பதில் வால் வெட்டுப்பட்டு, 'நடந்தது' என்பது மட்டும் மிஞ்சும். தொகுப்பாளரின் கத்தரிக்கோல் என்ன செய்யும் என்று பார்க்க, ஹைமே கமினோவின் 'பழைய நினைவு' நல்ல உதாரணம். எதிரெதிர் அணித் தலைவர்களைத் தனித்தனியாகப் பேட்டி கண்டு, ஒருவருக்கொருவர் நேருக்கு நேர் பதில் சொல்வதுபோல ஒட்டியிருப்பார். நேர்மையான உத்திதான், அதை வெளிப்படையாகச் செய்ததால். மற்றொரு பலவீனம் மூலத்திலேயே இருப்பது: கேட்டவர் எவ்வளவு கவனமாகக் குறித்துக்கொண்டாலும், சொன்னவர் தவறாகச் சொல்லியிருந்தால்?

அதற்கான சோதனை 2009இல் வந்தது. 2007இல் ஸ்பெயின் வரலாற்று நினைவுச் சட்டத்தை இயற்றியது. 2008இல் நீதிபதி பல்தசார் கர்சோன், போரிலும் சர்வாதிகாரத்திலும் காணாமற்போனவர்கள் 1,14,000 பேருக்கும் மேல் என்று கணக்கு வைத்து விசாரணை தொடங்கினார். லோர்காவோடு சுடப்பட்ட ஆசிரியர் தியோஸ்கோரோ கலிந்தோவின் உறவினரும், காளைச் சண்டை வீரர் ஃப்ரான்சிஸ்கோ கலாதியின் உறவினரும் எங்கள் ஆட்களின் எலும்பைக் கொடுங்கள் என்று மனுப் போட்டிருந்தார்கள். லோர்கா குடும்பத்துக்குத் தோண்டுவதில் விருப்பமில்லை. அங்கே கிடக்கும் ஆயிரக்கணக்கானவரில் இவரை மட்டும் பிரித்தெடுக்க வேண்டாம் என்றார்கள். லோர்கா அவர் குடும்பத்துக்கு மட்டும் சொந்தமல்ல என்பது கிப்சனின் கட்சி. தேட வேண்டும் என்று வருடக்கணக்காகப் பேசிவந்தவர். என் மனம் குடும்பத்தார் பக்கம் சாய்கிறது. ஆனால் ஆசிரியரின் பேரப்பிள்ளைகளுக்கும் அதே குழிமேல் உரிமை உண்டு என்று நினைக்கும்போது அந்தச் சாய்வும் நிற்பதில்லை.

2009 இறுதியில் அந்தலூசியா மாநில அரசு அகழ்ந்தது. இடம், காஸ்தியா கைகாட்டிய அந்த அல்ஃபகார் நிலம். 1986இலிருந்து அது லோர்கா பெயரில் நினைவுப் பூங்காவாக இருக்கிறது. வாரக்கணக்கில் தோண்டினார்கள். பாறை தட்டுப்பட்டது. எலும்பு ஒன்றுகூட இல்லை. அங்கே எப்போதாவது மனிதரைப் புதைத்த தடயமே இல்லை என்று அகழ்வாளர்கள் அறிவித்தார்கள். பூங்கா அமைத்தபோது எலும்புகள் கிடைத்து, சத்தமில்லாமல் இடம் மாற்றியிருப்பார்கள் என்ற ஒரு வாக்குமூலத்தைக் கிப்சன் சுட்டிக்காட்டினார். வேறு ஆய்வாளர்கள் வேறு இடம் சொன்னார்கள். 2014இலும் 2016இலும் அங்கே தோண்டியும் ஒன்றும் கிடைக்கவில்லை. 2021இலிருந்து வீஸ்நார் பள்ளத்தாக்கில் கிரனாடா பல்கலைக்கழகக் குழு நடத்தும் அகழ்வில் நூற்றுக்கும் மேற்பட்டவர்களின் எலும்புக்கூடுகள் கிடைத்திருக்கின்றன. லோர்கா அவர்களில் இருப்பதாக இதுவரை அடையாளம் காணப்படவில்லை.

2009க்கு முன் எடுத்த படங்களையும் அதற்குப் பின் எடுத்தவற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும் என்று நான் சொல்வது இதற்காகத்தான். முன்னவற்றில் அந்த ஒலிவ மரம் கதையின் முடிவு; பின்னவற்றில் கேள்வியின் தொடக்கம். கிப்சனின் ஆய்வில் பெரும்பகுதி, அதாவது யார் கைது செய்தார்கள், எப்படிக் கொண்டுபோனார்கள், கிரனாடாவில் எத்தனை பெரிய படுகொலை நடந்தது என்பதெல்லாம் அப்படியே நிற்கிறது. அதற்கு ஆவணமும் பல வாய்களும் இருந்தன. ஆட்டம் கண்டது ஒரே ஒரு கைவிரலை நம்பிய பகுதி.

கடைசியாக ஒரு படம், கிப்சனே பாத்திரமாகிப்போன படம். பப்லோ ரொமேரோ ஃப்ரெஸ்கோ 2022இல் இயக்கிய 'நினைவு முடியுமிடம்' எண்பதைத் தாண்டிய கிப்சனோடு புனுவலின் சுவடு பிடித்து லாஸ் உர்தெஸ் என்ற மலைப்பகுதிக்குப் போகிறது. 1933இல் புனுவல் அங்கேதான் 'ரொட்டி இல்லாத நிலம்' என்ற அரைமணி நேரத்துக்கும் குறைவான ஆவணப்படத்தை எடுத்தார். வறுமையைக் காட்டும் படம். ஆனால் பாதி ஜோடித்தது. மலை உச்சியிலிருந்து ஆடு தவறி விழுவதாக வர்ணனை சொல்லும். சட்டகத்தின் ஓரத்தில் துப்பாக்கிப் புகை தெரியும். குடியரசு அரசே அதைத் தடை செய்தது. படத்துக்குப் பணம் கொடுத்தவர் ரமோன் அசின் என்ற உவெஸ்கா ஊர் ஓவிய ஆசிரியர், அரசின்மைவாதி. லாட்டரி விழுந்தால் உன் படத்துக்குப் பணம் தருகிறேன் என்று புனுவலிடம் சொல்லியிருந்தார். 1932 கிறிஸ்துமஸ் லாட்டரியில் விழுந்தது, கொடுத்தார். 1936 ஆகஸ்டில், லோர்கா சாவதற்குச் சில நாட்கள் முன்னால், அவரையும் சுட்டார்கள். அதே மாதம் அவர் மனைவியையும்.

பார்க்கத் தொடங்குபவர்களுக்கு ஒரு வரிசை சொல்கிறேன். முதலில் புனுவலின் படம், துப்பாக்கிப் புகை எங்கே வருகிறது என்று தேடிக்கொண்டே. பிறகு 'ஸ்பானிய மண்', முடிந்தால் வெல்ஸின் குரலோடு ஒருமுறை, ஹெமிங்வேயின் குரலோடு ஒருமுறை. அதன்பின் கிப்சன் வரும் ஏதாவது ஒரு லோர்கா படம்; ஒவ்வொரு தகவலுக்கும் 'இதை இவருக்குச் சொன்னது யார்' என்று படம் சொல்கிறதா, விழுங்குகிறதா என்று குறித்துக்கொண்டே பாருங்கள். அல்முதேனா கர்ராசெதோவும் ராபர்ட் பஹாரும் எடுத்த 'மற்றவர்களின் மௌனம்' 2018இல் வந்தது. அதில் நிபுணர்கள் பின்னுக்குப் போய்விடுகிறார்கள். தாயைப் புதைத்த குழி சாலையோரத்தில் எங்கே இருக்கிறது என்று தெரிந்தும் எடுக்க முடியாத ஒரு மூதாட்டி நேராகப் பேசுகிறார். கிப்சன் 1966இல் கதவைத் தட்டியபோது பேசத் தயங்கிய தலைமுறையின் பிள்ளைகளில் ஒருவர் இவர்.